வெள்ளைத் துணி கட்டிய படகு

வெள்ளைத் துணியை இழுத்து மாமனாரின் முகத்தை மூடினாள்.

மிச்சத் துணியைக் கிழித்துத் துடுப்பின் நுனியில் கட்டிப் படகின் முன்பக்கம் நட்டாள். இந்தக் கடலில் அந்த வெள்ளைக்கு ஒரே அர்த்தம்தான். அடக்கத்துக்குப் போகும் படகு.

காலால் பலகையைத் தட்டினாள்.

அடியிலிருந்து பதில் தட்டு வந்தது. கணவன் இருக்கிறான். பலகைக்குக் கீழே, தேங்கிய உப்புத் தண்ணீரில், மல்லாந்து.

ரோந்துப் படகு நேராக இவளை நோக்கித் திரும்பியது.

பின்னால் மலேசியா. முன்னால், கண்ணுக்கு எட்டும் தூரத்தில், பிலிப்பைன்ஸின் கடைசித் தீவுகள். நடுவே ஒரு கோடு இருக்கிறதாம். பிறந்ததிலிருந்து இந்தத் தண்ணீரில்தான் இருக்கிறாள். கோட்டைப் பார்த்ததில்லை.

படகில் பிறந்து படகிலேயே வாழ்கிற சாமா சனம். எந்த நாட்டுக் காகிதமும் கிடையாது. செத்தால் மட்டும் நிலம் வேண்டும். அந்த நிலம் அக்கரைத் தீவில் இருக்கிறது. அதனால் அடக்கப் படகை மட்டும் யாரும் துருவித் தேடுவதில்லை.

காகிதம் இல்லையென்று நேற்று ரோந்துக்காரர்கள் ஆண்களையெல்லாம் வாரிக்கொண்டு போனார்கள். இவள் கணவன் பாதி வழியில் கடலில் குதித்துவிட்டான். இன்று அவனைத்தான் வலை வீசித் தேடுகிறார்கள். அகப்பட்டால் அவ்வளவுதான். முகாமுக்குப் போன அவன் தம்பி திரும்பவே இல்லை.

வழி சொன்னவர் மாமனார். மழைக்காலத்திலிருந்து அவருக்கு நெஞ்சு இருமல். இருமலுக்கு நடுவே சொன்னார்.

“என் அடக்கத்துக்குப் போற படகை எவன் சோதிப்பான்? அவனை அடியில போட்டுக் கொண்டு போயிடும்மா.”

எஞ்சினை நிறுத்தச் சொன்னார்கள். நிறுத்தினாள்.

அதிகாரியும் ஒரு காவலனும் படகுக்குள் இறங்கினார்கள். காவலன் பஜாவ்; இவள் சனத்தின் தரைவாழ் கிளை.

“உன் ஆளுங்கதானேய்யா, நீயே விசாரி” என்றார் அதிகாரி.

“எங்க ஊர் பஜாவ் எல்லாம் குதிரை ஏறுறவங்க, சார். இதுங்க மீன் சாதி. தரையில நடந்தா தலை சுத்தும்.”

இருவரும் சிரித்தார்கள். சிரித்தபடியே காவலன் இவள் பக்கம் திரும்பினான்.

“என்ன, ஒத்தைப் படகா வர்றே? அடக்கம்னா ஊரே கூட வருமே?”

“ஊரைத்தான் நேத்து நீங்க கொண்டு போயிட்டீங்களே, ஐயா.”

சிரிப்பு நின்றது.

“முகத்தைக் காட்டு” என்றார் அதிகாரி.

துணியை விலக்கினாள். வெயில் நேராக அந்த முகத்தில் விழுந்தது. உப்பில் காய்ந்த தோல். ஒட்டிய கன்னம். மூடிய கண்கள். ஓர் ஈ உதட்டில் வந்து உட்கார்ந்தது. நகர்ந்தது. மூக்கில் ஏறியது.

அதிகாரி குனிந்து பார்த்தார். சரி என்று கை காட்டினார்.

அவள் துணியை இழுக்கப் போனாள்.

“இரும்மா.”

காவலன் தொப்பியைச் சரிசெய்துகொண்டிருந்தான். முகம் கறுத்திருந்தது.

“ஓத ஓர் ஆம்பளை இல்லாம ஒரு மய்யத்தை அனுப்பக் கூடாது. நான் ஓதறேன்.”

வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தாள். எந்த மருமகள் அதை வேண்டாம் என்பாள்?

காவலன் முழங்காலிட்டான். சரியாக அந்தப் பலகையின் மேல். கைகளை ஏந்தினான். கண்ணை மூடினான். நிறுத்தி, நிதானமாக, ஓர் எழுத்தையும் விழுங்காமல் ஓதினான். கேலி பேசிய வாயை ஓதிக் கழுவிக்கொள்கிறவன் போல.

அடியில் தண்ணீர் சளக்கென்றது.

அதிகாரி சட்டென்று திரும்பினார். அலை இன்னொரு முறை மோதியது. அதுதான் என்று நினைத்துக்கொண்டார்.

அவள் பலகையைப் பார்க்கவில்லை. மாமனாரின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஒரு காலத்தில் அவர் முத்துச்சிப்பிக்கு முங்கினால், மேலே படகில் இருப்பவர்கள் அழவே ஆரம்பித்துவிடுவார்களாம். அப்படி ஒரு மூச்சு. இருமல் வருவதற்கு முந்தைய காலம் அது.

காவலன் அடுத்த துஆவைத் தொடங்கினான்.

போதும் என்று உள்ளுக்குள் அலறினாள். வெளியே அது ஒப்பாரியாக வந்தது. நெஞ்சில் அடித்துக்கொண்டாள். நடிப்பில்லை. நிஜமான அழுகை.

காவலன் இன்னும் மெதுவாக ஓதினான்.

முடித்தான்.

அவனே துணியை எடுத்து, பெற்ற தகப்பனுக்குச் செய்வதுபோல முகத்தை மூடினான்.

“போ. இந்தப் பக்கம் திரும்பி வராதே” என்றார் அதிகாரி. குரலில் அதட்டல் இல்லை.

எஞ்சின் கயிற்றை இழுத்தாள். பிடிக்கவில்லை. மறுபடி இழுத்தாள். பிடித்தது.

ரோந்துப் படகு சிறுத்தது. புள்ளியானது. புள்ளியும் போனது.

கணவன் பலகையைத் தள்ளிக்கொண்டு எழுந்தான். அக்கரைத் தீவின் தென்னைகளைப் பார்த்தான். தப்பித்துவிட்டோம் என்று சிரிக்கத் தொடங்கினான்.

அவள் அவன் பக்கம் திரும்பவே இல்லை. எஞ்சினை அப்படியே விட்டுவிட்டுத் தவழ்ந்து போனாள். வெள்ளைத் துணியை உருவி எறிந்தாள். மாமனாரின் காதோரம் மெல்லச் சொன்னாள். பிறகு தோளைப் பிடித்து உலுக்கிக்கொண்டு சொன்னாள்.

“மாமா! போயிட்டாங்க. மூச்சை விடுங்க மாமா!”