கூரையில் இரண்டு புள்ளி

கோளரங்கத்தின் மதியக் காட்சியில், விளக்கம் சொல்பவள் கூரையில் ஒரு மங்கலான புள்ளியைக் காட்டினாள்.

"இது உண்மையில ரெண்டு நட்சத்திரம். ஒண்ணையொண்ணு சுத்துது. வெறுங்கண்ணுக்கு ஒண்ணாத்தான் தெரியும்."

"எனக்கு ரெண்டு தெரியுதேம்மா," என்றார் முன்வரிசையில் இருந்த ஒருவர்.

அவள் கண்ணைக் கசக்கிக்கொண்டு பார்த்தாள். இரண்டுதான் இருந்தன. ஏதோ சொல்லிச் சமாளித்தாள்.

கூட்டம் கலைந்ததும் மெக்கானிக் வந்து, கூரையில் நட்சத்திரங்களைக் காட்டும் இயந்திரத்தைக் கழற்றிப் பார்த்தார்.

"அந்த நட்சத்திரத்துக்கு வெளிச்சம் போக ஒரே ஓட்டைதாம்மா இருக்கு."

"அணைச்சுட்டு மறுபடி போடுங்கண்ணே."

அரங்கம் கும்மிருட்டானது. இரண்டு புள்ளிகள் மட்டும் கூரையில் அப்படியே நின்றன.

"அண்ணே, இன்னும் அணைக்கலையா?"

"ஒயரையே பிடுங்கிக் கையில வச்சிருக்கேம்மா."

ஒரு புள்ளி மெல்ல நகர்ந்து மற்றதன் பின்னால் மறைந்தது. வாசலில் அடுத்த காட்சிக்கான கூட்டம் சலசலத்தது. அவள் அண்ணாந்தபடியே நின்றாள். மறைந்த புள்ளி மறுபக்கம் வரவே இல்லை.