அலமாரிக் கதவு

"சின்ன வயசுல கண்ணாமூச்சி ஆடினா அப்பா உன்னைத்தான் தேடுவார். என்னைத் தேடவே மாட்டார்" என்றாள் தங்கை.

அண்ணனுக்குச் சிரிப்பு வந்தது. முப்பத்தெட்டு வயசு, ஆபீசில் நாற்பது பேரை மேய்க்கிறாள், கண்ணாமூச்சிக் கோபம் மட்டும் இன்னும் ஆறவில்லை.

அவள் விடுவதாக இல்லை. அப்பாவுக்கு அப்போது பஸ் ஓட்டும் வேலை. வாரத்தில் ஒரு நாள்தான் வீட்டில் இருப்பார். அன்றைக்கு இவள் மர அலமாரிக்குள் போய் ஒளிந்துகொள்வாள். அவரோ அண்ணனை மட்டும் கண்டுபிடித்துவிட்டு, அலமாரிப் பக்கத்திலேயே நாற்காலி போட்டுப் பேப்பர் படிப்பாராம்.

"இடுக்கு வழியா அவர் கால் தெரியும். அதைப் பார்த்துக்கிட்டே தூங்கிடுவேன். ஒரு மணி நேரம் கழிச்சு நானா எழுந்து வந்தா, 'அட, இங்கேயா இருந்தே?'ன்னு கேப்பார். பிள்ளையைக் காணோமேன்னு ஒரு பதற்றம் வேண்டாம்?"

அண்ணனால் மறுக்க முடியவில்லை. அந்தப் பேப்பர் அவனுக்கும் ஞாபகம் இருந்தது.

பக்கத்து அறையில் அவளுடைய ஐந்து வயது வாண்டு தாத்தாவோடு கண்ணாமூச்சி ஆடிக்கொண்டிருந்தது. சத்தம் நின்று வெகு நேரமாகிவிட்டதே என்று எட்டிப் பார்த்தாள். அதே அலமாரி. பக்கத்தில் நாற்காலி. அப்பா காலை நீட்டிக்கொண்டு பேப்பர் படித்தார்.

சுரீரென்று வந்தது அவளுக்கு. தன்னோடு போகட்டும், மகளுக்குமா? இன்றைக்குக் கேட்டுவிடுவதென்று உள்ளே போனாள்.

"இவளையாவது தேடக் கூடாதாப்பா?"

அவர் உதட்டில் விரல் வைத்தார்.

"மெதுவாப் பேசும்மா, தூங்குறா. உன்னை மாதிரியேதான். வேற எங்க ஒளியச் சொன்னாலும் கேக்க மாட்டா, கண்டுபிடிச்சிட்டா அன்னிக்குப் பூரா அழுகை."

"அதுக்காக இங்கேயே உக்காந்திருக்கணுமா?"

"கதவு சரிஞ்சு போன கதவும்மா. விட்டா தானாச் சாத்திக்கும். அப்புறம் உள்ளேயிருந்து தள்ளினா திறக்காது. அப்போவும் அப்படித்தான்."

அவள் குனிந்து பார்த்தாள். கதவுக்கும் சட்டத்துக்கும் நடுவில் அப்பாவின் பாதம் இருந்தது. ஓரமெல்லாம் அழுந்திச் சிவந்திருந்தது.

அவளுக்கு வெட்கமாக இருந்தது. அதைவிடச் சந்தோஷமாக இருந்தது. பக்கத்தில் உட்கார்ந்தாள்.

பேப்பரை மடித்தபடி அப்பா கேட்டார்.

"கால் மரத்துப்போச்சு. கொஞ்ச நேரம் நீ வச்சுக்கிறியா?"