மழை பார்க்கும் தகடு

மேகமே இல்லாத வானத்துக்குக் கீழே, பார்த்திபனின் தார்ப்பாய் மறுபடியும் தானாக மூடிக்கொண்டது.

"வெயிலு மண்டையப் பொளக்குது, உன் மிஷினு மழைன்னுது. உன்ன மாதிரியே அதுவும் நைட்டு ட்யூட்டியா, தூக்கக் கலக்கத்துல கீதா?" என்றாள் பக்கத்துக் களத்து ஞானம்மாள். கருவாடு காயப்போட்டுக்கொண்டிருந்த எல்லோரும் சிரித்தார்கள்.

பார்த்திபனுக்குச் சிரிப்பு வரவில்லை. கேளம்பாக்கம் அடுக்குமாடியில் ராத்திரி வாட்ச்மேன் வேலை, பகலில் தூக்கம். மனைவி ரேணுகா புதுப்பட்டினம் கரையில் நெத்திலியைப் பரப்பிவிட்டு மார்க்கெட்டுக்கு ஓடுவாள். போன மாத மழையில் ஒரு களம் நெத்திலியும் புழுத்துப் போனது. இன்னொரு தரம் நனைந்தால் களத்தைக் கைமாற்றிவிட்டு வீட்டு வேலைக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டாள்.

அதனால்தான் செல்போனில் பார்த்துப் பார்த்து இதைக் கற்றுச் செய்தான். ஈரம் பட்டால் சொல்லும் தகடு. அதைக் கேட்டு உத்தரவு போடும் ஆர்டுயினோ போர்டு. தார்ப்பாயை இழுக்கப் பழைய கார் வைப்பர் மோட்டார். வீட்டுக்குள் ஒரு தப்பும் செய்யாதது, கடற்கரைக்கு வந்ததும் கிறுக்குப் பிடித்து ஆடியது.

புதன்கிழமை, அவன் கையே வைக்காமல் அது திருந்தியது. ஏன் என்று அவனுக்குப் புரியவில்லை.

வெள்ளி மதியம் பேய் மழை. ஊரே கூடையைத் தூக்கிக்கொண்டு ஓடியது. பார்த்திபன் எழுந்து வருவதற்குள் தார்ப்பாய் மூடியிருந்தது. அடியில் நெத்திலி மொறுமொறுவென்று கிடந்தது. ரேணுகா ஒன்றைக் கிள்ளிப் பார்த்துவிட்டு, எல்லார் எதிரிலும் அவன் தோளைத் தட்டினாள். களத்தை விடும் பேச்சு அத்தோடு போயிற்று.

"ஒரு நாளு வேலை செஞ்சா ஆச்சா?" என்று உதட்டைப் பிதுக்கினாள் ஞானம்மாள்.

மறுநாள் வேலை முடிந்து விடியலில் நேரே களத்துக்கு வந்தான். ஞானம்மாள் தகட்டின்மேல் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். தார்ப்பாய் மூடிக்கொண்டது.

அவன் ஓடிப்போய்க் கத்தினான். "இத்தினி நாளா நீதானா இந்த வேலைய பண்ணிகினு இருந்த?"

அவள் முந்தானையால் தகட்டைத் துடைத்தாள். தார்ப்பாய் மெல்லத் திறந்தது.

"புதன்கெழமையிலேர்ந்து நான்தான். கடக்காத்துல இதும்மேல உப்பு பூத்து ஈரம் கோத்துச்சின்னா, இதுக்கு வெயிலும் மழைதான். தெனம் நல்ல தண்ணி ஊத்திக் கழுவணும்பா. ரேணுகா களத்த வுட்டுட்டுப் போய்ட்டான்னா, நான் யார்கிட்ட சண்ட போட்றது?"