நட்டநடுவில் ஒரு தங்கப் பட்டை

எல்லாரும் என் வழியாகப் பார்ப்பார்கள். என்னை மட்டும் யாரும் பார்க்க மாட்டார்கள். நான் யார்?

கண்டுபிடித்துவிட்டீர்களா? வேனின் முன்கண்ணாடிதான்!

ஆயுதபூஜையன்று காலை வேனைக் கழுவி நிறுத்தியிருந்தார்கள். சிறுமி பூவிழி தங்க நிற ஒட்டுப்பட்டையோடு ஓடி வந்தாள். கண்ணாடி குதிக்காத குறைதான்.

“வைப்பர் அண்ணே, பட்டை வந்தாச்சு! இன்றைக்கு ஊரே என்னைப் பார்க்கப் போகிறது!”

“மேல் ஓரத்தில் ஒட்டினால் அழகுதான்” என்றது வைப்பர்.

“ஓரத்திலா? போங்க அண்ணே! எனக்கு நட்டநடுவில்தான் இடம் வேண்டும்!” என்று கூவியது பட்டை.

“ஆமாம், நடுவில்தான்!” என்றது கண்ணாடி.

பூவிழிக்கும் அதே ஆசை. சோப்புத் தண்ணீர் தெளித்து, நடுவில் குறுக்காக ஒட்டி, குமிழ் இல்லாமல் தேய்த்துவிட்டாள். பட்டை தகதகத்தது. தெருவில் போனவர்கள் நின்று பார்த்தார்கள்.

“பார்த்தீங்களா அண்ணே, என்னைப் பார்க்கிறார்கள்!” என்று பூரித்தது கண்ணாடி.

பூவிழி வேனில் ஏறி, ஓட்டுநர் இருக்கையில் உட்கார்ந்தாள். அப்பா எலுமிச்சம்பழங்களோடு வேனுக்கு முன்னால் வந்து நின்றார்.

“அப்பா, உங்க தலையைக் காணோம்!” என்று சிரித்தாள்.

சக்கரத்தடியில் பழம் வைக்க அப்பா குனிந்தார்.

“அப்பா! இப்போ ஆளையே காணோமே!” அவள் சிரிப்பு நின்றுவிட்டது.

“இங்கதாம்மா இருக்கேன், சக்கரத்துக்கிட்ட!”

“அவளைக் கொஞ்சம் நிமிர்ந்து உட்காரச் சொல்லுங்களேன்” என்று கண்ணாடியிடம் சொன்னது பட்டை.

கண்ணாடி அப்பாவைத் தேடியது.

பூவிழி இறங்கி வந்து, பட்டையை உரித்து, வேனின் பின்கதவில் ஒட்டினாள்.