தப்பு விழுந்துருச்சு

சாதிச் சான்றிதழில் அப்பா பெயருக்கு முன்னால் 'காலஞ்சென்ற' என்று இருந்தது. அப்பா என் பக்கத்தில்தான் நின்றார்.

"தப்பு விழுந்துருச்சும்மா," என்றார் எழுத்தர்.

"தானா வந்து விழுமா சார்? நீங்கதானே எழுதுனீங்க?"

அவர் ஒரு வெள்ளைத்தாளை நீட்டினார். "தப்பா எழுதிக் குடுத்தது நான்தான்னு எழுதிக் கையெழுத்துப் போடு. அப்பத்தான் திருத்தித் தருவோம்."

வேலைக்கு விண்ணப்பிக்க இன்றுதான் கடைசி நாள். எங்கள் வீட்டில் முதலில் படித்தவள் நான். அதனால் தப்பும் என் கையெழுத்தில்தான் இருக்க வேண்டும்போல.

"எழுதிக் குடுத்துரு தாயி, எனக்கென்ன," என்றார் அப்பா. சாட்சிக்கு அவருடைய கைநாட்டு வேண்டுமாம். சொன்னதுமே ஸ்டாம்ப் பேடில் பெருவிரலை அழுத்திக்கொண்டார்.

நான் இன்னும் ஓர் எழுத்துகூட எழுதவில்லை. அந்த மைவிரல் வெற்றுத்தாளுக்கு மேலே காத்திருந்தது.