தண்ணீர்த் தொட்டி மணி

“திருடியைப் பிடிக்க ஓர் ஆணி போதும் ஹாஜி,” என்றாள் மையாதா. விரல் நீள ஆணியில் செப்புக் கம்பியை நெருக்கி நெருக்கிச் சுற்றிக்கொண்டிருந்தாள். “நூத்தி எழுபது, நூத்தி எழுபத்தொண்ணு…”

வீட்டுக்காரர் ஹாஜி அபு ராதிப் ஸ்டூலில் உட்கார்ந்து முட்டியைத் தேய்த்துக்கொண்டிருந்தார். தரைத்தளத்திலிருந்து நாலாம் மாடிக்கு ஏறி வந்த மூச்சு இன்னும் அடங்கவில்லை. வாங்கிய சல்லடையைத் திருப்பித் தர வந்த தஹானி வாசல்படியிலேயே நின்றுவிட்டாள்.

அந்தத் திருடி அவள்தான்.

ஸர்கா நகரத்தில் அவர்கள் தெருவுக்குக் குழாய்த் தண்ணீர் செவ்வாய்க்கிழமை மட்டும் வரும். அன்று மொட்டைமாடித் தொட்டி நிறைந்தால்தான் வாரம் ஓடும். மூன்றாம் மாடியில் பதினெட்டு வருடமாகப் பழைய வாடகையில் இருக்கும் தஹானியைச் சட்டப்படி கிளப்ப வழியில்லாததால், ஹாஜி அவள் தொட்டிக்குத் தண்ணீர் வரும் வால்வை மூடிப் பூட்டுப் போட்டுவிட்டார்.

“துருப்பிடிச்சிருக்கு, ரிப்பேர் பண்ணணும்” என்று இரண்டு மாதமாக ஒரே பேச்சு. அவள் பங்கும் சேர்ந்து அவருடைய பெரிய தொட்டியில் விழுந்தது. அதிலிருந்து அவள் வாளியில் மொண்டுகொண்டாள். வாளியும் கையுமாகப் பிடிபட்டால் போலீஸ். அப்புறம் வீடு போனது போனதுதான்.

“இது எப்படி அடிக்கும்?” என்றார் ஹாஜி.

“பேட்டரியில சேர்த்தா ஆணி காந்தமாயிடும், இந்தத் தகரப் பட்டையை இழுக்கும். இழுத்ததும் கரண்ட் அறுந்துடும், பட்டை பின்னால துள்ளும், மறுபடி இழுக்கும். இந்த ரெண்டு முனையும் தொட்டுக்கிட்டா போதும். தொட்டுப் பாருங்க.”

அவர் தொட்டார். பட்டை எள்ளு விழுது டப்பா மூடியில் மோதி ‘டிர்ர்ர்’ என்று அலறியது. ஹாஜியின் முகம் விரிந்தது.

“மணி உன் வாசல்லயே இருக்கட்டும். முனையைத் தொட்டி மூடியில மாட்டிடு. அடிச்சதும் எனக்குக் குரல் கொடு. திருடி யாருன்னு எனக்குத் தெரியாமலா இருக்கு? கையில வாளியோட புடிக்கணும், அவ்வளவுதான்.” சொல்லும்போது தஹானியைத்தான் பார்த்தார்.

“மாட்டறதை நான் பாத்துக்கறேன். வயர்தான் பத்தாது ஹாஜி. இன்னும் முப்பது மீட்டர் வேணும்.”

“என் தொட்டி உன் வாசல்லேர்ந்து பத்தடி கூட இல்லையே?”

“ஆணி எவ்வளவு தின்னுதுன்னு இப்பதானே பாத்தீங்க.”

ஹாஜி முனகிக்கொண்டே படிக்கட்டுக் கைப்பிடியைப் பிடித்து இறங்கிப் போனார். அவர் செருப்புச் சத்தம் தேய்ந்து மறைந்ததும் தஹானி மையாதா பக்கம் திரும்பினாள்.

“பொண்ணுங்க பள்ளிக்கூட லேப்ல எட்டு வருஷம் கண்ணாடிக் குழாய் கழுவினியே. அதோட சேர்த்து வெட்கத்தையும் கழுவிட்டியா?”

“உள்ள வாடி. ஒண்ணு சொல்லணும்.”

“உன் ஹாஜிகிட்டயே சொல்லு.” சல்லடையைத் தரையில் வைத்துவிட்டு இறங்கிவிட்டாள்.

திங்கட்கிழமை, ஹாஜி நண்பகல் லுஹர் தொழுகைக்குப் போயிருந்த நேரம். ரொட்டி வாங்கிக்கொண்டு வந்த தஹானி, மையாதா அவர் வீட்டு வாசலில் மண்டியிட்டுக் குனிந்திருப்பதைப் பார்த்தாள். பக்கத்தில் துடைக்கிற துணி. இப்போ வாசல் துடைக்கிற வேலையுமா?

“தஹானி, கொஞ்சம் நில்லேன்.”

அவள் நிற்கவில்லை.

செவ்வாய்க்கிழமை பத்து மணிக்குத் தண்ணீர் வந்தது. எல்லார் தொட்டியும் நிறைகிற சத்தம் படிக்கட்டு முழுக்கக் கேட்டது. தஹானியின் சமையலறையில் காலி ஜாடிகள் வரிசையாக நின்றன. பிள்ளைகளின் பள்ளிச் சட்டைகள் நாலு நாளாகத் துவைக்காமல் குவிந்து கிடந்தன. இன்று போகாவிட்டால் வீட்டை அவளாகவே காலி செய்ததுபோலத்தான்.

‘அடிக்கட்டும்’ என்று நினைத்தாள். ‘தெருவே கேக்கட்டும். வால்வுக்குப் பூட்டுப் போட்டது யாருன்னு அப்போ நானும் கேக்கறேன்.’

இரண்டு வாளியை எடுத்துக்கொண்டு செருப்பு சப்திக்கவே ஏறினாள். மையாதாவின் வாசல் நிலையில் ஆணியும் டப்பா மூடியும் மாட்டியிருந்தன. அதை ஒரு பார்வை பார்த்துவிட்டு மொட்டைமாடிக்குப் போனாள்.

ஹாஜியின் தொட்டி மூடியை மெதுவாகத் தூக்குவது அவள் வழக்கம். இன்று ஒரே தூக்காகத் தூக்கிப் பக்கத்தில் போட்டாள். தகரம் சிமெண்டில் விழுந்து அதிர்ந்தது.

மணி அடிக்கவில்லை.

ஒரு வாளி மொண்டு தன் தொட்டியில் ஊற்றினாள். இன்னொன்று. இன்னொன்று. ஹாஜி வாங்கிய பேட்டரிதானே, அதிலும் மட்டமாகப் பார்த்து வாங்கியிருப்பார். பதினோராவது வாளியை மொள்ளும்போது அவளுக்குச் சிரிப்புகூட வந்தது.

டிர்ர்ர்ர்.

கை அப்படியே நின்றது. கையெல்லாம் மாவோடு மையாதா படியேறி ஓடி வந்தாள்.

தஹானி வாளியைக் கீழே வைக்கவில்லை. இடுப்பில் அணைத்துக்கொண்டு நிமிர்ந்து நின்றாள். “கூப்பிடு உன் ஹாஜியை. நான் ஓடமாட்டேன். என் தண்ணியோடதான் நிக்கறேன், வந்து பாக்கட்டும்.”

மையாதா அந்த வாளியை வெடுக்கென்று வாங்கி, தஹானியின் தொட்டியில் கவிழ்த்தாள்.

“சீக்கிரம் மூடியைப் போடுடி. வயரை அவர் வீட்டுக் கதவுலதான் மாட்டியிருக்கேன், ஹாஜி கீழே திறந்துட்டார்.”