ஸ்டார்ட் ஆகாத வண்டி

தவளக்குப்பத்தில் கலைவாணி வேலையில் சேர வேண்டிய நாள். எஸ்யூவி ஸ்டார்ட் ஆகவில்லை.

"மெக்கானிக் நாளைக்குத்தான் வருவாராம். வண்டியே வேணாங்குது, வேலைய விட்டுடேன்," என்றான் கணவன் செல்வகுமார், பாக்கெட்டில் கைவிட்டு கேட் அருகில் நின்றபடி.

கலைவாணி பானெட்டைத் திறந்தாள். ஃப்யூஸ் பெட்டி மூடியின் உள்பக்கம் இருந்த படத்தைப் பார்த்து, ஃப்யூஸ்களை ஒவ்வொன்றாக உருவிப் பார்த்தாள். எதுவும் எரிந்திருக்கவில்லை. பெட்ரோல் ஏற்றும் பம்ப்பை இயக்கும் சின்னச் சுவிட்சான ரிலே இருக்க வேண்டிய இடம் மட்டும் காலியாக இருந்தது. ஹார்னுக்கும் அதே அளவு ரிலேதான். அதை உருவி அங்கே செருகினாள்.

வண்டி உறுமியது.

"சரியாயிடுச்சா?" என்றான் அவன், குரல் இறங்கி.

"ஆயிடுச்சுங்க. நீங்க கழட்டி பாக்கெட்ல வச்சிருக்கிற ரிலேவ சாயங்காலம் வாங்கிக்கிறேன். இப்ப ஹார்ன் அடிக்காது, கொஞ்சம் ஓரமா நில்லுங்க."